வாடகை மீட்டர், எண் 17

ரசீதில் என் பெயரை இரண்டாக வெட்டியிருந்தார்கள்:
ஆவுடை, தாய்.
முன்வைப்பு பதினெட்டாயிரம்,
நாள் வாடகை நூற்றிருபது,
ஓடும் தண்ணீருக்குத் தனிக் கணக்கு.
"உடைஞ்சா முழுசும் போயிரும், பாத்துக்கிடுங்க"
அடகு நகையைத் திருப்பித் தருபவர்போல
இரண்டு கையாலும் தள்ளினார் ஜெபக்கனி சார்.

பித்தளை. ஏழு கிலோ இருக்கும்.
சாக்கில் சுற்றி வண்டியின் முன்னால் வைத்து
முழங்காலால் அணைத்தபடி
குலவணிகர்புரம் கேட்டில் நின்றேன்.
சரக்கு ரயிலில் ரோடே அதிர்ந்தது.
கண்ணாடிக்குள் முள் இம்மி நகரவில்லை.
அரசாங்க முள்.

மேலப்பாளையத்தில் வாய்க்காலுக்கு மேல்
நான் எடுத்த சிறு பாலம்.
போட்ட சிமெண்டு
பதினான்கு நாள் நனைந்தே கிடக்க வேண்டும்.
அடியில் ஓடுவதை மொண்டு ஊற்றினால்
மணத்திலேயே பில்லை நிறுத்திவிடுவார் இன்ஜினியர்.

தீயணைப்புக் குழாய் முக்கில் நின்றது,
தீ எதையும் பார்த்திராத துருவோடு.
மைதீன் பிச்சை மீட்டரைப் பூட்டி
சாவி போட்டு முறுக்கினார்.
உஸ்ஸென்று காற்று.
முள் கிறுகிறுவென்று சுற்றியது.
நாற்பது, எழுபது,
நூற்றிப்பத்து லிட்டர் காற்று.
"பாத்தியளா, ஊதுனதுக்கும் துட்டு"
அவர் சிரித்து முடிப்பதற்குள்
இருமி, செம்மண் துப்பி,
ஆறு வந்தது.

மூன்றாம் நாள் ஒரு குடம்.
ஐந்தாம் நாள் பதினொன்று.
மீட்டர் தாண்டிய மூட்டில்
ஒழுகுவதைப் பிடிக்கத்தான் வந்தார்கள்.
ஸ்பேனர் என் பையில்தான் இருந்தது.
"கணக்குத் தண்ணி, சிந்தாமப் புடிங்க" என்றேன்.
செய்யதம்மாள் குனிந்து
கண்ணாடிக்குள் பார்த்தாள்.
"எங்க வீட்டுக் குழாய்க்கும்
வருசாவருசம் கட்டத்தான் செய்தோம்.
அதுல முள்ளும் கிடையாது,
தண்ணியும் கிடையாது."
அப்புறம் மூட்டு
கொஞ்சம் கூடுதலாகவே ஒழுகியது.
யார் தளர்த்தியது என்று நான் கேட்கவில்லை.
என்னையும் யாரும் கேட்கவில்லை.

பித்தளைக்கு ஊரில் கண் அதிகம்.
ராத்திரி கழற்றி வீட்டுக்குக் கொண்டுபோவேன்.
கேஸ் சிலிண்டர் பக்கத்தில்
மூடாத ஒற்றைக் கண்ணோடு கிடக்கும்.

பதினைந்தாம் நாள், அதே கவுன்டர்.
ஐம்பத்திரண்டாயிரம் லிட்டர்.
ஜெபக்கனி சார் விரல்விட்டுப் பார்த்தார்.
"இந்தப் பாலத்துக்கு நாப்பத்திமூணே ஜாஸ்தி.
மீதி ஒம்பது?"
உபயோகம் என்ற கட்டத்தில்
'பாலம்' என்று எழுதியிருந்தேன்.
அதற்குக் கீழே கட்டம் எதுவும் இல்லை.
"காத்து சார். குழாயில காத்து."
கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார்.
"ஆமா, மேலப்பாளையத்துல
காத்து கொஞ்சம் அதிகம்தான்."
சொல்லிவிட்டு
ஒன்பதாயிரத்துக்கும் சேர்த்துப் பிடித்தார்,
பைசா குறையாமல்.

எனக்குப் பின்னால்
பேட்டையிலிருந்து வந்த பந்தல்காரர்.
இந்த மீட்டர் பூஜ்யத்துக்குத் திரும்பாதாம்.
என் கடைசி எண்ணை
அவருடைய முதல் எண்ணாக எழுதிக்கொண்டார்.
அறுநூறு குடமும் உள்ளே இருக்க,
சாக்கு இல்லாமலே
தோளில் தூக்கிப் போனார்.