பதினோராவது பெயர்

மேவிஸ் ஓல்ட்ராய்டை
நான் நேரில் பார்த்தது நான்கே முறை.
ஆனாலும் அவள் இடது புருவம்
எத்தனையாவது பிரேமில் ஏறத் தொடங்கும் என்று
இன்றைக்கும் தூக்கத்தில் கேட்டால் சொல்வேன்.

போர்ஹம்வுட்டில், படம் வெட்டி ஒட்டும் அறையில் வேலை எனக்கு.
வெள்ளைக் கையுறை, கத்தி, பசை.
எடிட்டர் ஹாஸ்லம் சுருட்டைக் கடித்துக்கொண்டே இருப்பார்,
பற்ற வைக்க மாட்டார்.
கதாநாயகன் வசனத்தைக் கோட்டை விட்டால்,
கதாநாயகிக்கு ஜலதோஷத்தில் மூக்கு சிவந்துபோனால்,
உருப்படியான ஒரே டேக்கில்
மைக்கின் நிழல் சுவரில் ஊர்ந்தால்,
திரும்பிப் பார்க்காமலே சொல்வார்:
"மேவிஸைப் போடு."

போடுவேன்.
ஒன்றேகால் விநாடி.
கதவோரம் டீத்தட்டோடு நிற்பாள்.
கேட்டுக்கொண்டிருப்பாள்.
வேறொன்றும் செய்ய மாட்டாள்.
அவன் சொல்வது பொய்யென்று
அவள் முகத்தைப் பார்த்துத்தான் கொட்டகைக்கே தெரியவரும்.
அந்தப் பொய்யை அருமையாகச் சொன்னதற்காக
அவனுக்கு ஒரு கேடயம் கிடைத்தது.

அறுபத்து மூன்று படங்கள்.
வாடகை கேட்கும் வீட்டுக்காரியாகப் பதினேழு,
நர்ஸாக ஒன்பதோ பத்தோ,
சாட்சிக் கூண்டில் தொப்பியைச் சரிசெய்பவளாக மூன்று.
ஒரு படத்தில் அவள்தான் கொலையானவள்.
கம்பளத்துக்கு வெளியே இரண்டு கால்கள் மட்டும்.
அவையும் அவளுடையவை அல்ல.
அன்றைக்கு அவளுக்குப் பல் பிடுங்கியிருந்தார்கள்.

யார்க்ஷயரில் கம்பளி ஆலைத் தெருவில் பிறந்த நாக்கு;
படத்துக்குப் படம்
லண்டன் சந்தைக்காரியின் நாக்காக வளைந்தது.
பெயர்ப் பட்டியலில் பதினோராவது.
ஒரு முறை ஓல்ட்ரைட்,
ஒரு முறை ஓல்ராய்ட்,
ஒரு முறை வெறும் "பணிப்பெண்".

காய்கறிக் கடையில் யாராவது அவள் கையைப் பிடித்துக்கொள்வார்களாம்:
"எங்கள் பழைய தெருவில் இருந்தவர்தானே நீங்கள்?
வீட்டுக்காரருக்கு முதுகுவலி எப்படி இருக்கிறது?"
"இப்போது தேவலை" என்பாளாம்.
கல்யாணமே ஆகாதவள்.

ஐம்பத்தெட்டு, ஜனவரி.
ஸ்டூடியோ கேன்டீனில் எதிரே வந்து உட்கார்ந்தாள்.
"நீதானே என்னை வெட்டுகிறவன்?"
கஸ்டர்டில் கரண்டி நின்றது.
"அந்தக் கோர்ட் காட்சி.
நான் அழுதேன். கிளிசரின் இல்லாமல்.
இருக்கிறதா?"

முந்தின நாள் மாலைதான்
கூடைக்குப் போய், கூடையிலிருந்து கூட்டித் தள்ளியாகிவிட்டது.
நாற்பது அடி. படம் நீளமாம்.

"இருக்கிறது" என்றேன்.

அவள் கேட்டுக்கொண்டிருந்தாள்.
எனக்கு அந்த முகம் தெரியும்.
இடது புருவம் ஏறத் தொடங்கும் இடம்வரை தெரியும்.
ஆயிரம் முறை அதை மற்றவர்களுக்காக ஒட்டியிருக்கிறேன்.
ஒன்றேகால் விநாடிதான்.
பிறகு சொன்னாள்:
"சாப்பிடு, ஆடை கட்டுகிறது பார்."

பிற்பகல்களில் டி.வி.யில் அந்தப் படங்கள் வருகின்றன.
மருமகள் கேட்பாள்: இவன் யார், அவள் யார், இன்னும் இருக்கிறார்களா?
மேவிஸ் வரும்போது மட்டும் கேட்க மாட்டாள்.
தெரிந்தவர்களைப் பற்றி யார் கேட்பார்கள்?

புகையிலை டப்பாவில் ஒரு துண்டு வைத்திருக்கிறேன்,
எந்தப் படத்திலும் சேராதது.
கட் சொல்லியாகிவிட்டது.
விளக்குகள் ஒவ்வொன்றாக அணைகின்றன.
நாயகன் சட்டத்தை விட்டு வெளியேறுகிறான்,
யாரோ ஏணியைத் தூக்கிக்கொண்டு குறுக்கே போகிறார்கள்.
ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால்
மேவிஸ் நிற்கிறாள், தட்டோடு.
கேமரா இன்னும் ஓடுவது அவளுக்குத் தெரியாது.
கிண்ணங்களில் டீ இல்லை, வர்ணத் தண்ணீர்.
இறக்கி வைக்க
யாரும் சொல்லவில்லை.