ஒன்பதாம் ரீல்

விருதுக் குறிப்பில் 'பன்முகத் திறன்' என்று போட்டிருக்கிறார்கள்.
வந்ததையெல்லாம் வெட்டினாள் என்பதை
இதைவிட மரியாதையாகச் சொல்ல முடியாது.

பேய்ப்படம் ஆறு.
இரண்டில் பேயையே எடுக்கவில்லை,
ஒரு கதவையும் மின்விசிறியையும் தந்தார்கள்.
காதல் படம் பத்தோ பதினொன்றோ.
அதில் ஒரு ஜோடி பாதியிலேயே பேச்சை நிறுத்திக்கொண்டது.
அவன் சுவரைப் பார்த்ததையும்
அவள் அடுத்த மாதம் யாரையோ பார்த்ததையும் ஒட்டினேன்.
ஜனங்கள் விசிலடித்தார்கள்.
காவேரிப்பட்டணம் மாங்கூழ் ஆலைக்கு முப்பது நொடி விளம்பரம்.
தேர்தலுக்கு இரண்டு கட்சிக்கும்
ஒரே வாரம், ஒரே மேசை,
அவசரத்துக்கு ஒரே கூட்டத்தின் கையசைப்பு.
தெலுங்கு, கன்னடம் எல்லாம்
கிருஷ்ணகிரிக்காரிக்குத் தனித் திறமை இல்லை.
புளி மண்டியில் மூன்று மொழியிலும் விலை கேட்டவள்,
எந்த வாய் எப்போது மூடும் என்று தெரியும்.

"உங்கள் பாணி என்ன மேடம்?"
பேட்டி எடுக்க வந்த பெண்ணுக்குத் தண்ணீர் கொடுத்தேன்.
இதைச் சொல்லவில்லை.

முதல் படம். தொண்ணூற்றேழு, தை மாதம்.
பெங்களூர் ரோட்டில், லாரி ஹாரன்
வசனத்துக்கு நடுவில் கேட்கும் தியேட்டர்.
இரண்டாம் ஆட்டம்.
என் பெயர் வந்த நேரம் பார்த்து
முறுக்குக்காரன் குறுக்கே போனான்.
சென்னம்மாள் என்பதில் 'மாள்' மட்டும் தெரிந்தது.
பக்கத்தில் அண்ணன் அதற்கும் கைதட்டினான்.

பொறுத்துக்கொண்டேன்.
முதல் பாட்டு வரவில்லை, அதையும்.
பந்தி காமெடி வரவில்லை.
ஒன்பதாம் ரீலில், ஆஸ்பத்திரி.
இயக்குநரோடு மூன்று நாள் மல்லுக்கட்டி
நான் காப்பாற்றிய ஷாட் அது:
தங்கை கட்டிலருகே அழுது முடித்து, வெளியே வந்து
குழாயடியில் இன்னொரு முறை அழுவாள்.

குழாயடி வரவில்லை.
திரை ஒரு துள்ளு துள்ளியது.
அவள் ரயிலில் இருந்தாள்.

இரும்புப் படி ஏறிப் போனேன்.
ஆபரேட்டர் சலாமத், என்னைவிட நாலு வயது சின்னவன்,
முட்டை போண்டா தின்றுகொண்டிருந்தான்.
"யாரு வெட்னது?"
"நான்தான். பர்கூர் கடைசி பஸ்ஸு பன்னெண்டரை.
படம் வுடறது பன்னெண்டு நாப்பது.
மொத நாளு முப்பது பேரு
ரவுண்டானாவுல படுத்துக் கெடந்தாங்க."
"பாட்டு சரி. இது நாப்பது செகண்டுதான?"
"அது பஸ்ஸுக்கு இல்ல" என்றான்
விரலைத் துடைத்துக்கொண்டே.
"அந்தப் பொண்ணு ரெண்டு வாட்டி அழுவுது."

செருப்புவரை கை போனது.
நான்தான் எடிட்டர் என்று சொல்ல வந்தவள்
சொல்லாமல், அந்தத் துண்டைக் கேட்டேன்.
பிஸ்கட் டப்பாவிலிருந்து எடுத்துத் தந்தான்,
அறுபது அடி, எண்ணெய்க் கறையோடு.

வெளியே பர்கூர் பஸ் உறுமிக்கொண்டு நின்றது.
ஜன்னலோரம் ஒருத்தி
முந்தானையில் மூக்கைச் சிந்தினாள்.
என் படமா, ஜலதோஷமா,
கேட்க முடியாதில்லையா?

சென்னைக்கு வந்து, இரவில், யாரும் இல்லாதபோது
அதைச் சேர்த்து ஓட்டினேன். எடுத்துவிட்டு ஓட்டினேன்.
ஏழு முறை.
விடிகிற நேரத்தில் தெரிந்தது,
வெட்டியது சரி.
பதினாலு ஃபிரேம் முன்னாலேயே வெட்டிவிட்டான்,
துள்ளல் அதனால்தான்.
அவள் இமை இறங்கி முடியட்டும் என்று
காத்திருக்க வேண்டும், அவ்வளவே.

பதினாலு ஃபிரேம். அரை நொடிக்குக் கொஞ்சம் மேலே.
இதை அவனிடம் சொல்லியே ஆக வேண்டுமென்று
அடுத்த வெள்ளிக்கிழமை ஊருக்கு பஸ் ஏறினேன்.
வேறு படம் போட்டிருந்தார்கள்.
டிக்கெட் வாங்கி உட்கார்ந்தேன்.
அதுவும் இரண்டு இடத்தில் துள்ளியது.
பன்னிரண்டு இருபத்தைந்துக்கு விட்டுவிட்டார்கள்.