சலவைச் சீட்டு

டோர்னியோவில் மணி ஒன்பது என்றால்
ஆற்றுக்கு அந்தப் பக்கம், ஸ்வீடனில், எட்டுதான்.
பாலத்தில் போகும்போது ஒரு மணி நேரத்தைக் கழற்றுவோம்,
திரும்பும்போது மாட்டிக்கொள்வோம்,
தொப்பியைப் போல.

அந்த மார்ச்சில்தான் அதற்கு நிறம் வந்தது.

முதலில் பார்த்தது நான் என்று சொல்ல மாட்டேன்.
மீன்கடை ரைமோ பார்த்திருக்கலாம்.
ஆனால் துணி என் கடைக்குத்தானே வரும்.

ஆஸ்பத்திரி விரிப்புகள் வந்தன:
தூங்காதவர்கள் புரண்ட பக்கம் மட்டும்
செம்பில் களிம்பேறிய பச்சை.
பேருந்துக்குக் காத்திருந்தவர்களின்
கால்சட்டைப் பின்புறத்தில்
கடுகை அரைத்துத் தேய்த்த மஞ்சள்.
அவசரம் சிவப்பாய் இருக்கும் என்று நினைத்திருந்தேன்.
அவசரத்துக்கு நிறமே இல்லை.
துணியை நைத்துவிட்டுப் போகிறது, அவ்வளவுதான்.

வெந்நீர் வைத்தேன், சோப்பை மாற்றினேன்,
மரச்சாம்பல், புளித்த மோர், என் அம்மாவின் வசவு,
எல்லாம் போட்டு அலசினேன்.
துணி வெளுத்தது. நேரம் வெளுக்கவில்லை.

ஒரே வாரத்தில் ஊர் பார்க்கப் பழகிவிட்டது.
மரக்கிடங்கு மேலாளர்
முழங்கையைத் திருப்பிப் பார்த்துச் சம்பளம் பிடித்தார்.
பாதிரியார் பிரசங்கம் முடிந்து
காலியான இருக்கைகளைப் பார்த்தார்,
வரிசை வரிசையாய்க் கடுகு மஞ்சள்.
அடுத்த ஞாயிறு பாதியில் ஆமென் சொல்லிவிட்டார்.
குழந்தைகளின் சட்டையில் எல்லா நிறமும் அப்பியிருந்தது,
ஒரு தண்ணீருக்கே போய்விட்டது.

ஔலிக்கி கொண்டுவந்தது கணவனின் கோட்டு.
இடது கையைப் பாருங்கள் என்றாள்.
பார்த்தேன்.
இருபத்தாறு வருடத் தொழிலில்
எனக்குப் பெயர் தெரியாத நிறம்.
கண்ணை மூடி விரலால் அழுத்தினால் ஒன்று வருமே,
அதற்குக் கொஞ்சம் பக்கத்தில்.
என்ன நிறம் என்று அவள் கேட்கவில்லை.
யாருடையது என்று கேட்டாள்.

முகர்ந்தேன். டீசல். ஆறிப்போன காப்பி.
"ஊறட்டும்" என்றேன்.
"சாயம் வெளுக்கட்டும்" என்றாள்
பல்லைக் கடித்துக்கொண்டு.

கோட்டை வாங்க அவனே வந்தான். க்யோஸ்டி,
எஃகு ஆலையில் உலையடி வேலை,
பேசினால் கூலி கேட்பான் போல.
பில் எழுதிக்கொண்டே கேட்டுவிட்டேன்.
அவன் ஜன்னலைப் பார்த்தான், அதற்கப்பால் பாலத்தை.

"ஷிப்ட் ஆறு மணிக்கு முடியும்.
அந்தப் பக்கம் போய் வண்டியை நிறுத்துவேன்.
அங்கே இன்னும் ஆறு ஆகியிருக்காது.
ஆகும்வரை உட்கார்ந்திருப்பேன்."

"எதற்கு?"

"ஆவதற்கு."

சில்லறையை எண்ணாமல் பையில் போட்டுக்கொண்டு போனான்.

நான் இதை ஔலிக்கியிடம் சொல்லவில்லை.
சொல்லியிருந்தால் மட்டும் நம்பியிருப்பாளா,
ஒரு மனிதன் தினமும் போய்ச்
சும்மா இருந்துவிட்டு வருகிறான் என்பதை?
வேறொருத்தி என்றாலாவது
சண்டைபோட ஒரு முகம் கிடைத்திருக்கும்.

ஏப்ரலில் அவளுடைய கோட்டு வந்தது.
வலது கையில் அதே நிறம், முழங்கை வரை.
அவன் பக்கத்தில் போய் உட்கார்ந்தாளா,
வேறு வண்டியில் தனியாகவா,
என் சீட்டில் அதற்குக் கட்டம் கிடையாது.
கறை என்ற இடத்தில் 'உண்டு' என்று எழுதியிருந்தாள்.
நீக்க வேண்டுமா என்ற இடத்தில்
பேனாவை ஊன்றி ஒரு பெரிய புள்ளி,
அப்புறம் 'வேண்டாம்'.

மே மாதம் ஆற்றில் பனி உடைந்தது.
இரண்டு நாள் இடி மாதிரிச் சத்தம்.
அதோடு நிறங்களும் போயின.
மேலாளர் மறுபடி கடிகாரத்தை நம்புகிறார்.
பிரசங்கம் மறுபடி நீண்டுவிட்டது.

எல்லோர் துணியையும்
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தவள் நான்.
என் ஏப்ரனை மட்டும் பார்க்கவில்லை.
அந்த வாரங்களில் கட்டியிருந்தது,
துவைக்காமலே மடித்து
இழுப்பறையில் வைத்திருக்கிறேன்.
மடிப்புக்குள் இன்னும் மார்ச்.