அடுக்கு எண் 974.5

ரோட் ஐலண்டுக்கு எங்கள் நூலகத்தில்
மூன்று முழத் தட்டு.
போதாதா, மாநிலமே அவ்வளவுதானே என்பார்கள்.
வரலாறும் கொக்குகளும் சூறாவளிகளும்
நெருக்கியடித்து நிற்கும்,
உப்புக்காற்றில் அட்டை ஊதி.

சிப்பி வாரிவிட்டு வருவார் ஒவிலா.
கை கழுவியும் சேறு மணக்கும்.
கடற்பருந்துப் பக்கத்தில் அவருடைய பென்சில்:
"இந்தக் கம்பம் மார்ச்சில் சாய்ந்தது.
கூடு இப்போது என் படகுத்துறையில்.
குஞ்சு இரண்டு."

முப்பது பக்கம் தள்ளி
நாரகான்செட் மக்கள்
'இங்கே வாழ்ந்தார்கள்'.
யாரோ அதை அடித்து
'வாழ்கிறோம்' என்று எழுதியிருக்கிறார்கள்,
நீல மையில்,
அடுத்த தாளிலும் பதியும்படி.

கிறுக்கிய நூலைச்
சேதக் கணக்கில் ஏற்ற வேண்டும்.
படிவத்தை எடுத்தேன்.
சேதம்: இல்லை.
பதிப்பு: இரண்டு என்றிருந்ததை
மூன்றாக்கினேன்.