அரைமணி பாக்கி

எண்பத்தொன்று டிசம்பர் முப்பத்தொன்று, இரவு
பதினொன்றரை ஆனதும்
இந்தத் தீவு முள்ளைத் தள்ளிப் பன்னிரண்டில் வைத்தது.
யாரும் பெரிதாக அலட்டிக்கொள்ளவில்லை.
காண்டாங் கெர்பாவ் பிரசவ வார்டில் மட்டும்
கைக்கடிகாரத்தைத் திருத்த மறந்த ஒரு தாதி
11.40, பெண், இரண்டே முக்கால் கிலோ என்று எழுதி,
பிறகு நேரத்தை அடித்து
12.10 ஆக்கினார்.

அந்த அடித்தலுக்குள் பிறந்தவர்
எங்கள் முனைவர் மங்கையர்க்கரசி.

"வெட்டிய துணி எங்கே போகும்?
தையல்காரர் மேசைக்கு அடியில்தானே கிடக்கும்!"
அவரது கோட்பாடு இவ்வளவுதான்,
மற்ற நாற்பத்தாறு பக்கமும் கணிதம்.
வெட்டுப்பட்ட அரைமணி செத்துப்போகவில்லை.
அதன் முனையைப் பிடித்துக்கொண்டு
இன்னொரு சிங்கப்பூர் முப்பது நிமிடம் பிந்தி
ஓடிக்கொண்டே இருக்கிறது.
இரண்டையும் சேர்த்திருப்பது ஒற்றை ஓட்டுத்தையல்.
ஆண்டுக்கொருமுறை, அதே இரவு, நம் பதினொன்றரைக்கு
நூல் ஒருகணம் இழுபடும்.
இழுபட்டால் கடிகாரம் சொல்லும்.

ஆதாரம் கேட்டவர்களுக்கு
ஈசூனில் காலை ஆறரைக்குப்
பள்ளிப் பேருந்துக்குக் காத்து நிற்கும் பிள்ளைகளைக் காட்டுவார்.
"இன்னும் இருட்டு, பாருங்கள்.
வெளிச்சம் அந்தப் பக்கத்துக் கணக்கில் வருகிறது."
அவர்கள் தீர்க்கரேகையைச் சொல்வார்கள்.
அவரும் சிரித்து ஒப்புக்கொள்வார்.
மூன்று ஆய்விதழ்கள் கட்டுரையைத் திருப்பி அனுப்பின.
ஒன்று மட்டும் "அழகான கற்பனை" என்று குறிப்பெழுதியது,
அதைத்தான் அவரால் பொறுக்க முடியவில்லை.

எனக்குக் கோட்பாடு தெரியாது.
புவன விஸ்தாவில், தரைக்கடியில்,
இரண்டு சீசியம் கடிகாரங்களுக்குக் காவல்.
சூடு ஏறக்கூடாது, தரை அதிரக்கூடாது,
அளக்கும்போது கதவு திறக்கக்கூடாது.
"மணிமாறன் என்று பேர் வைத்துக்கொண்டு
மணி மாறாமல் பார்த்துக்கொள்கிறீர்களே" என்பார்
ஒவ்வொரு வருடமும், அதே கறிபாப் பொட்டலத்தோடு.

எட்டு டிசம்பர். எட்டிலும் சுழி.

ஒன்பதாவதில் கோடு விலகியது.
நான்கு நானோ நொடி.
பக்கத்து அறையில், திரைமுன்,
கடித்த கறிபாப் கையிலேயே நின்றது.
வெகுநேரம் கழித்துப் பையைத் திறந்து
பிறப்புச் சான்றிதழின் நகலை எடுத்துத்
திரைக்கருகே சாய்த்து வைத்தார்,
சாட்சியை நிறுத்துவதுபோல.

எனக்குத் தெரியும்.
பதினொன்றரைக்குச் சற்று முன்
சட்டைப்பையில் கைப்பேசி அதிர்ந்தது.
அம்சவேணி.
மேல்மாடி வீட்டுத் தண்ணீர்
நம் சமையலறைக் கூரையில் கசிகிறது,
எந்த வாளியை வைக்க?
கதவைத் திறந்து வெளியே வந்து
"சிவப்பு வாளி" என்றேன்.
நாற்பது நொடி போதும்.
வெளிக்காற்று பட்டால் கேபிள் நீளும்,
நீண்ட கேபிளில் நேரம் பிந்தி வரும்.

சொல்லாமல் இருந்திருக்கலாம்.
அந்த முகத்துக்கு எதிரே
சொல்லாமல் இருப்பது அவ்வளவு சுலபமாக இருந்தது.
சொன்னேன்.

அவர் திட்டவில்லை.
குறிப்பேட்டில் "கதவு" என்று எழுதினார்.
நான்கை அடித்துச் சுழி போட்டார்.
அடித்த நான்கு
அழியாமல் தெரிந்தது.

வெளியே வந்தோம். யாரோ அவசரப்பட்டு
முதல் வாணத்தைக் கொளுத்திவிட்டார்கள்.
பன்னிரண்டுக்கு ஐந்து நிமிடம்.
அப்படியானால், அவர் சொல்வது மெய்யானால்,
அங்கே பதினொன்று இருபத்தைந்து.
அந்த மணிமாறன் இன்னும் கதவுக்கு உள்ளேதான்.
கூரையில் ஒரு கை அகலத்துக்கு ஈரம் படர்ந்திருக்கும்.
அம்சவேணி நாற்காலி போட்டு ஏறிப் பார்த்துவிட்டுக்
கைப்பேசியைத் தேடிக்கொண்டிருப்பாள்.

"எடுக்காதே," என்றேன் கார் நிறுத்துமிடத்துத் தரையைப் பார்த்து,
"இந்த ஒரு தடவை எடுக்காதே.
சமையலறை நனைந்தால் நனையட்டும்.
கதவு மூடியே இருக்கட்டும்,
கோடு என்ன செய்கிறது பார்க்கலாம்."

முனைவர் கேட்டிருக்க வேண்டும்.
மிச்சப் பாதிக் கறிபாப்பை மென்றபடி,
"கொஞ்சம் சத்தமாக" என்றார்.