இட்டேரியில் ஏழாவது டேக்

அந்தியூருக்குத் தெற்கே
கிளுவை வேலிகளுக்கு நடுவே போகும் இட்டேரி
ஒரு வேம்படியில் இரண்டாகப் பிரிகிறது.
காட்சித் தாளில் இவ்வளவுதான்:
மாடு நிற்கிறது. யோசிக்கிறது.
தானாக இடப்பக்கம் போகிறது.

ஆறு டேக்கும் வலப்பக்கமே போனது.
வலப்பக்கம் பழனாத்தாளின் கட்டுத்தறி.
ரிஃப்ளெக்டர் பிடித்தவர்கள் இடம் மாறினார்கள்,
பருத்திக்கொட்டை வாளி வந்தது,
மோந்து பார்த்துவிட்டு
மறுபடியும் வலப்பக்கம்.

சாப்பாட்டு நேரத்தில் யாரோ
கன்றை அவிழ்த்துக் கொண்டுபோய்
இடப்பக்க வேலிக்குப் பின்னால் கட்டினார்கள்.
கத்தக் கூடாதென்று வாய்க்கூடு.
யாரோ என்ன, நானேதான்.
துணை இயக்குநர் கன்றைப் பார்த்தார்,
பிறகு என்னைப் பார்த்தார்.
வாய் திறந்து யாரும் எதுவும் சொல்லவில்லை.

ஏழாவது டேக்.
கேமராவுக்கு மயிலைப் பசுவின் முகம் மட்டும்:
மை தீட்டியது போன்ற கண்,
ஒரு ஈ, ஒரு இமைப்பு.
என் ஹெட்போனில் வேறு படம் ஓடியது.
வேலிக்கு அப்பால் புழுதியைக் கீறும் குளம்பு,
கூட்டுக்குள் முட்டும் மூச்சு,
பிறகு
சொத், சொத்தென்று
பால் மண்ணில் விழும் சத்தம்.
காது முதலில் திரும்பியது.
கால் அதற்குப் பின்னால்தான்.

"என்ன ஒரு முடிவு!" என்று துள்ளினார் இயக்குநர்.
பழனாத்தாள் கேட்டாள்:
"மடி கட்டிக்கிச்சுங்க,
கன்ன அவுத்துடட்டுங்ளா?"
வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது,
எல்லோரும் அடுத்த ஷாட்டுக்கு ஓடினார்கள்.

எடிட்டிங்கில் என் டிராக்கைத் தூக்கிவிட்டுப்
புல்லாங்குழல் போட்டார்கள்.
நான் ஒன்றும் பேசவில்லை.
பாக்கிப் பணம் வரவேண்டியிருந்தது.

ஈரோட்டில் ரெண்டாம் ஆட்டம்.
மாடு திரும்பியதும் கைதட்டல்.
முன்வரிசையில் ஒருத்தர்
"வாயில்லா சீவனுக்கு இருக்கற தெளிவு
நமக்கில்லீங்க" என்றார்.
பக்கத்துக்காரர் ஆமாமென்று
முறுக்கை உடைத்தார்.

படம் விட்டு வரும்போது
பெருந்துறை ரோடு பிரியும் இடத்தில்
வண்டியைக் கொஞ்சம் நிறுத்தினேன்.
எந்தப் பக்கம் போனாலும் வீடுதான்.
சுற்றுவழியில் திருப்பினேன்.
"ஏனுங்க இப்படி?" என்றாள்
பின்னாலிருந்த கோகிலவாணி.
"சும்மாதான், தோணுச்சு" என்றேன்.

ஹெல்மெட்டுக்குள்
எதுவும் கேட்கவில்லை.