பெயர்கள் ஓடும் நேரம்

வெள்ளவத்தை, மூன்றாம் மாடி.
கரையோர ரயில் போகும்போதெல்லாம்
என் மேசையில் காடு நடுங்கும்.
நாற்பத்தொரு மணிநேரக் காடு,
மூன்று ஹார்ட் டிஸ்கில்.
இருபது நிமிடம் போதும் என்றார்கள்
காசு தந்தவர்கள்.

முதலில் மழையை வெட்டினேன்.
எல்லா ஷாட்டிலும் அதுதானே.
பிறகு அட்டைகளை.
பிறகு ஓடைக் கல்லில் சறுக்கி
நான் சொன்ன கெட்ட வார்த்தையை.
பிறகு மஞ்சள் மெஷினின் கண்ணாடிக்குப் பின்னால்
ஒரு செக்கன்
திரும்பிப் பார்த்த முகத்தை.
மெஷினுக்கு முகம் இருந்தால்
கதை குழம்பும்.

பொரளையில் வாடகை மண்டபம்.
தவமலர் தெனியாய பஸ்ஸில் வந்திருந்தாள்,
அட்டை ஏறாமல் பூசும் சவர்க்காரம்
கணுக்காலில் வெள்ளையாய்க் காய்ந்திருக்க.
கடலை நாளைக்குப் பார்த்துக்கலாம் என்று
நாலாம் வரிசையில் உட்கார்ந்தாள்.

திரையில் அவளே சொன்னாள்:
'எங்களுக்குக் காணி உறுதி இல்லீங்க.
காட்டுக்கும் இல்ல.'
யாரோ மூக்கை உறிஞ்சினார்கள்.
நான் கணக்குப் போட்ட இடந்தான்;
அங்கேதான் புல்லாங்குழலை வைத்திருந்தேன்.

விளக்கு எரிந்தது. கேள்விகள்.
ஓடையைக் குழாய்க்குள் திருப்பினால்
எத்தனை வகைத் தவளை போகும்,
மனுவில் எங்கே கையெழுத்து வைப்பது.
படம் எப்படியென்று அவளிடமும் கேட்டார்கள்.
மைக்கை இரண்டு கையாலும் பிடித்தாள்,
சூடான கோப்பையைப் பிடிப்பதுபோல்.

'நல்லாத்தான் இருக்கு.
மெசினு ஓட்டுனது எங்க சின்னவன், நல்லேந்திரன்.
நாளைக்கு நாலாயிரம் குடுத்தாங்க.
படத்துல காணலியே?
ஒங்ககூட ஒக்காந்துதானே சோறு தின்னான்.'

கைதட்டுவதா வேண்டாமா என்று
மண்டபத்துக்குத் தெரியவில்லை.
எனக்குத் தெரிந்தது, அந்தச் சோறு.
பலாக்கொட்டைக் கறி. அவன் பங்கில் பாதி
என் தட்டுக்கு வந்தது.

அவள் ஊர் திரும்பிய இரவு
குப்பைத் தொட்டியிலிருந்து
அந்த ஒரு செக்கனை எடுத்து
அவள் பேசுவதற்குச் சற்று முன் செருகினேன்.
படம் ஒரு செக்கன் பின்னுக்கு நகர்ந்தது.
வசனங்கள் நகரவில்லை.
இப்போது அவள் வாய் திறக்குமுன்பே
அவன் முகத்துக்குக் கீழே
சிங்களத்தில் வருகிறது:
எங்களுக்குக் காணி உறுதி இல்லை.

பிழைதான். திருத்த ஒரு நிமிடம் ஆகாது.
திருத்தவில்லை.

கடைசியில் பெயர்கள் ஓடும் இடத்தில்
அவனுடையதையும் சேர்த்தேன்.
முதலெழுத்து என்னவென்று கேட்க
அவளுக்கு எடுத்தேன், ஐந்து தரம்.
கவரேஜ் இல்லை.
அங்கே
மழையாயிருக்கும்.